கண்டதும் கடந்து சென்றதும்

எருசலேமிலிருந்து எரிகோவுக்கு இறங்கிச் செல்லும் சாலையில் குற்றுயிராய்க் கிடந்த மனிதரை மூவர் கண்டனர். நல்ல சமாரியர் உவமையைப் பலமுறை வாசித்தும், மறையுரைகளில் பலமுறை எடுத்தாண்டும், நாம் எளிதில் கவனியாது விட்டுவிடும் செய்தி இது. குருவும் கண்டார், லேவியரும் கண்டார், சமாரியரும் கண்டார். லூக்கா நற்செய்தியின் கிரேக்க மூலத்தில் மூவருக்கும் ஒரே வினைச்சொல்லே ஆளப்பட்டுள்ளது. ஆகவே முதலிருவரின் குற்றம் காணாமை அன்று. இருளில் காணாமலே அவ்வழி சென்றிருந்தால் அவர்கள்மேல் பழியேதும் இல்லை. கண்டதுதான் அவர்களைக் கடனாளிகள் ஆக்கியது. கண்டபின் விலகிச் சென்றதே அவர்களைக் குற்றவாளிகள் ஆக்கியது.

இவ்வுண்மை இன்று நமக்கு அச்சம் தருகின்றது. அந்தக் குருவும் லேவியரும் தம் வாழ்நாள் முழுவதிலும் கண்டிருக்கக்கூடிய அடிபட்டோரைவிட மிகுதியானோரை, நாம் ஒரே மாலைப் பொழுதில், இரவு உணவு அருந்திக்கொண்டே கண்டுவிடுகின்றோம். போரில் இடிந்த வீடுகள், வெள்ளத்தில் மிதக்கும் உடல்கள், பிள்ளையை இழந்து அலறும் தாய்; அடுத்த நொடியில் சோப்பு விளம்பரம். இத்தனை பேரையும் கண்டோமே, அவர்களுக்கு நாம் பட்ட கடன் என்ன? அன்றித் திரையில் காண்பது காண்பதே ஆகாது என்று தள்ளிவிடலாமா? பார்த்தல் என்பதும் மனச்சான்றின்முன் கணக்குக் கேட்கப்படும் ஒரு செயல்தானா? இக்கேள்வியையே இக்கட்டுரையில் சிந்திக்க விழைகின்றோம்.

சிந்திய துண்டுகள்

இச்சிந்தனைக்குத் துணையாக, நம் மக்களிடையே அதிகம் அறிமுகமாகாத ஒருவகைக் கலையை எடுத்துக்கொள்வோம். மேலைநாடுகளில் சிலர் புதிதாக எதையும் படம்பிடிக்காமல், பிறர் எப்போதோ பிடித்துவைத்த காட்சிகளையும், வேண்டாமென்று கழித்தெறிந்த படச்சுருள்களையும் ஒட்டிச் சேர்த்துத் திரைப்படமும் தொலைக்காட்சித் தொடரும் ஆக்கியுள்ளனர். கனடா நாட்டுத் தேசியத் திரைப்பட வாரியத்தில் பணியாற்றிய ஆர்தர் லிப்செட் என்பவர் அவ்வகையில் முன்னோடிகளுள் ஒருவர். படத்தொகுப்பு அறைகளில் வெட்டி வீசப்பட்ட ஒலித்துண்டுகளைப் பொறுக்கிச் சேர்த்தே அவர் தம் பணியைத் தொடங்கினார். 1961ஆம் ஆண்டு அவர் ஆக்கிய 'வெரி நைஸ், வெரி நைஸ்' என்னும் படம் ஏழே நிமிடம் ஓடக்கூடியது. எனினும் ஆஸ்கர் விருதுக்கு முன்மொழியப்படும் அளவுக்குப் பெயர் பெற்றது.

1963இல் அவர் ஆக்கிய இன்னொரு படத்திற்குப் பெயரே ஓர் எண்தான்: '21-87'. அதில் ஒலிக்கும் ஒரு குரல், இயந்திரங்கள் பெருகிய உலகில் மனிதரை எண்ணிட்டு அழைப்பதைப் பற்றிப் பேசுகின்றது. தம் எண்ணைச் சொல்லி ஒருவர் அழைத்தால் அம்மனிதர் மகிழ்ந்து புன்னகை செய்கிறார் என்கின்றது அக்குரல். பெயர் இழந்தவருக்கு எண்ணே ஆறுதலாகிவிட்ட அவல நிலை அது. அதே படத்தில் மற்றொரு குரல், இயற்கையை ஆழ்ந்து நோக்குவோரும் பிற உயிர்களோடு உறவாடுவோரும் கண்முன் தோன்றும் முகமூடிக்குப் பின்னால் ஏதோ ஓர் ஆற்றலை உணர்கின்றனர், அதைக் கடவுள் என்கின்றனர் என்று சொல்கின்றது. குப்பைக்கூடைக்குப் போக இருந்த ஒலியிலும் படத்திலும் இறைவனைப் பற்றிய பேச்சும் கிடந்தது என்பது நம்மைச் சிந்திக்கவைக்கின்றது. ஐயாயிரம் பேர் உண்டபின், மிஞ்சிய துண்டுகள் வீணாகாதபடி சேர்த்துவைக்கச் சொன்ன ஆண்டவரை இங்கே நினையாதிருக்க இயலவில்லை.

இக்கலையை இன்று தொலைக்காட்சியில் பெரிதாகக் கையாண்டு வருபவர் பிரிட்டனின் பி.பி.சி. நிறுவனத்திற்காகப் படம் ஆக்கும் ஆடம் கர்ட்டிஸ். 2016இல் வெளியான 'ஹைப்பர்நார்மலைசேஷன்' என்னும் அவரது படம் இரண்டே முக்கால் மணி நேரம் ஓடக்கூடியது. பழைய செய்திக் காட்சிகள், விளம்பரங்கள், நடனங்கள், குண்டுவெடிப்புகள் யாவும் அதில் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து மோதுகின்றன. பின்னணியில் இசை முழங்க, கர்ட்டிஸின் சொந்தக் குரல் எல்லாவற்றுக்கும் விளக்கம் தருகின்றது. காட்சிப் பெருக்கில் உலகம் மூழ்குவதைக் காட்ட வந்த படம், தானே ஒரு பெருக்காகி நம்மை மூழ்கடிக்கின்றதோ என்னும் ஐயம் அதைப் பார்ப்போருக்கு எழக்கூடும்.

ஆனால் 2022இல் அவர் வெளியிட்ட 'டிரௌமா ஸோன்' என்னும் ஏழு பகுதித் தொடர் வேறுபட்டது. 'மனக்காய வெளி' என அப்பெயருக்குப் பொருள் கொள்ளலாம். 1985 முதல் 1999 வரை சோவியத் நாட்டிலும் பின்னர் ரஷ்யாவிலும் மக்கள் வாழ்ந்த வாழ்வே அதன் பொருள். பி.பி.சி. செய்தியாளர்கள் அங்கே பதிவுசெய்து வைத்திருந்த காட்சிகள் ஆயிரக்கணக்கான மணி நேர அளவுக்கு இருந்தன. அவற்றுள் செய்தியில் இடம்பெற்றவை ஒருசில விநாடிகளே. எஞ்சிக் கிடந்தவற்றிலிருந்து இத்தொடரை ஆக்கியபோது, கர்ட்டிஸ் தம் குரலை நீக்கினார், இசையையும் நீக்கினார். இடத்தையும் நிகழ்வையும் குறிக்கும் சிறு எழுத்துக்குறிப்புகள் மட்டுமே உண்டு. அதில் ஒரு காட்சி: மாஸ்கோ நகரச் சாலையில் கார்களுக்கு இடையே புகுந்து புகுந்து பிச்சை கேட்கும் ஒரு சிறுமி. செய்தியாளர் எவரும் அவளைப் பற்றி நமக்கு விரித்துரைக்கவில்லை. எதை நினைக்கவேண்டும் என்று சொல்ல இசையும் இல்லை. அவளும் நாமும் மட்டுமே எஞ்சுகின்றோம்.

அழவைத்த அரங்கம்

அவளை நாம் பார்த்தோம், நெஞ்சும் நெகிழ்ந்தது. அதன்பின் என்ன? இவ்விடத்தில்தான் நம் வினாவுக்குப் புனித அகுஸ்தினார் வழிகாட்டுகின்றார். தாம் கார்த்தேஜ் நகரில் மாணவராய் இருந்த காலத்தில் நாடக அரங்குகளை எவ்வளவு விரும்பினார் என்பதைத் தம் 'ஒப்புதல்கள்' நூலின் மூன்றாம் பகுதியில் அவர் வருத்தத்தோடு நினைவுகூர்கின்றார். அரங்கில் துன்புறுவோரைக் கண்டு அழுவதில் அவருக்கு இன்பம் இருந்தது. அழுகையே இன்பமானது எப்படி என்று ஆராய்ந்த அவர், ஒன்றைக் கண்டுகொண்டார்: அங்கே இருப்போர் துன்பத்தைத் துடைக்க அழைக்கப்படவில்லை; துயரப்பட மட்டுமே அழைக்கப்படுகின்றனர். இரக்கம் செயலை நோக்கி ஓடவேண்டிய ஆறு. அரங்கிலோ அது தன்னுள்ளேயே சுழன்று, சுவையாகி, வற்றிப்போகின்றது.

அகுஸ்தினார் கண்டு அழுதது கற்பனைத் துயரை. மேடையில் மாண்டவர் திரை விழுந்ததும் எழுந்து வீட்டுக்குப் போயிருப்பார். மாஸ்கோ சிறுமி நடிகை அல்லள். கேமரா அணைந்தபின்னும் அவளுக்குப் பசித்தது. நாமோ மெய்யான துயரை நாடகத்தைப் போலவே பார்க்கப் பழகிவிட்டோம். ஆகவே அகுஸ்தினாரின் நிலையைவிட நம் நிலை மோசமானது. அவர் பொய்யான துன்பத்திற்கு மெய்யான கண்ணீர் சிந்தினார். நாம் மெய்யான துன்பத்திற்கு அரங்கக் கண்ணீர் சிந்துகின்றோம்.

அமெரிக்கச் சிந்தனையாளர் நீல் போஸ்ட்மன் 1985இல் தொலைக்காட்சியைப் பற்றி எழுதிய நூலில், செய்தி வாசிப்போர் ஒரு செய்தியிலிருந்து அடுத்ததற்குத் தாவும்போது சொல்லும் இரண்டொரு சொற்களை எடுத்து ஆராய்ந்தார். இதுவரை கேட்டதற்கும் இனிக் கேட்கப்போவதற்கும் எத்தொடர்பும் இல்லை என்பதே அச்சொற்களின் பொருள் என்றார் அவர். எவ்வளவு கொடிய கொலையாயினும் அதை மனத்திலிருந்து இறக்கிவைத்துவிட நமக்கு அனுமதி கிடைத்துவிடுகின்றது. கைப்பேசியில் அச்சொற்களும் தேவையில்லை. விரல் ஒரு தள்ளுத் தள்ளினால் போதும். எரிகோ சாலையில் விலகிச் செல்லக் குருவானவர் சாலையின் மறுபக்கத்திற்கு நடக்கவேண்டியிருந்தது. அந்த நடையில் அவர் மனம் சற்றேனும் உறுத்தியிருக்கும். நமக்கு அந்த நடையும் மிச்சமாகிவிட்டது.

வானத்தைப் பார்த்த கேமரா

அப்படியாயின் தொலைக்காட்சியை அணைத்துவிடலாமே என்று வாசகர் கேட்கலாம். சில நாள்களுக்கு அணைத்துவைப்பது நன்றே. ஆனால் அதுவே முழுமையான விடை ஆகாது. காட்சி மனிதரை அயலாராக்கிய வேளைகளும் உண்டு. 1984ஆம் ஆண்டு அக்டோபர் 23 அன்று எத்தியோப்பியாவின் கோரம் என்னும் இடத்திலிருந்து மைக்கேல் பியூர்க், முகமது அமீன் ஆகியோர் அனுப்பிய பஞ்சக் காட்சிகள் பி.பி.சி.யில் ஒளிபரப்பாயின. அவற்றைக் கண்டோர் பலர் கைதிறந்து கொடுத்தனர். மறு ஆண்டு ஜூலையில் நிதி திரட்ட நடந்த பெரும் இசை நிகழ்ச்சிக்கும் அக்காட்சிகளே வித்து.

காட்சியை மறைப்பதும் விடையாகாது என்பதற்கு ருமேனியா சான்று. 1989ஆம் ஆண்டு டிசம்பர் 21 அன்று, தலைநகர் புகாரெஸ்டில் பெருந்திரள்முன் சர்வாதிகாரி சௌசெஸ்கு பேசிக்கொண்டிருக்கையில் கூட்டத்தில் கூச்சல் எழுந்தது. நேரடி ஒளிபரப்பு துண்டிக்கப்பட்டது. கேமரா கூட்டத்தை விட்டு வெறும் வானத்தைப் பார்த்தது. கலவரத்தைக் காட்டவேண்டா என்பதே கட்டளை. அன்றைய காட்சிகளையும் பொதுமக்கள் எடுத்த காட்சிகளையும் சேர்த்து ஹாருன் ஃபரோக்கி, ஆந்திரேய் உஜிக்கா என்னும் இருவர் 1992இல் ஒரு படம் ஆக்கினர். கட்டளைப்படி வானத்தைப் பார்த்த அந்தக் கேமராவை அப்படம் நமக்கு நிறுத்திக் காட்டுகின்றது. கொடுங்கோலர் மக்களின் கண்களைக் கட்ட ஒன்றுமற்ற வானத்தைக் காட்டினர். நம் காலத்திலோ கண்களைக் கட்ட எல்லாவற்றையும் காட்டினால் போதும் போலும். இரண்டின் முடிவும் ஒன்றுதான்: அடிபட்டவர் சாலையிலேயே கிடக்கிறார்.

அதே நாட்டில், அதே மாதத்தில், இன்னும் கொடியதொன்று நிகழ்ந்தது. திமிசோரா நகரில் படையினர் மக்கள்மேல் சுட்டதில் பலர் மாண்டனர். சில நாள்களில் அந்நகரின் ஏழையர் கல்லறைத் தோட்டத்திலிருந்து தோண்டியெடுக்கப்பட்ட உடல்கள் உலகத் தொலைக்காட்சிகளில் காட்டப்பட்டன. படுகொலைக்குள்ளான ஆயிரக்கணக்கானோருள் இவர்கள் சிலர் என்று சொல்லப்பட்டது. ஒரு பெண்ணின் உடல்மேல் சிறு குழந்தையின் உடல் கிடத்தப்பட்டிருந்த காட்சி உலகையே உலுக்கியது. பின்னரே உண்மை வெளிவந்தது. அவர்கள் படுகொலையில் மாண்டவர்கள் அல்லர். நோயினாலும் பிற காரணங்களாலும் முன்பே இறந்து புதைக்கப்பட்டோர். அப்பெண்ணுக்கும் குழந்தைக்கும் உறவே இல்லை. மெய்யாகவே சுடப்பட்டு இறந்தோருள் 40க்கும் மேற்பட்டோரின் உடல்களோ, இரகசியமாகப் புகாரெஸ்டுக்குக் கொண்டுசெல்லப்பட்டு எரிக்கப்பட்டன. சாம்பலும் சாக்கடையில் கொட்டப்பட்டது. படம் இருந்தோருக்கு அக்கதை உரியதன்று. அக்கதைக்கு உரியோருக்குப் படம் இல்லை.

நம் கண்ணீர் அன்று யாருக்காக வடிந்தது? ஏழையொருத்தியின் உடலை அவளுக்குத் தொடர்பில்லாத கதைக்கு நாம் எடுத்துக்கொண்டோம். இறந்தோரை அடக்கம் செய்வது இரக்கச் செயல்களுள் ஒன்று என்று மறைக்கல்வியில் கற்றோம். அடக்கம் செய்யப்பட்டோரைத் தோண்டிக் காட்டியதில் எத்தனைக் கோடிக் கண்கள் பங்குபெற்றன என்பதை எண்ணுகையில், பார்த்தலுக்கும் கணக்கு உண்டு என்பதில் நமக்கு ஐயமில்லை.

கடனின் அளவு

ஆனால் அக்கடனின் அளவு என்ன? காணும் ஒவ்வொருவருக்கும் உதவவேண்டும் என்றால் எவராலும் இயலாது. இயலாததை இறைவன் கேட்பதில்லை. எல்லா மனிதரையும் அன்பு செய்யவேண்டும், ஆனால் எல்லாருக்கும் நன்மை செய்ய இயலாதாகையால், இடத்தாலும் காலத்தாலும் சூழலாலும் சீட்டு விழுந்தாற்போல நம்மருகே வந்து சேர்ந்தோரைச் சிறப்பாகக் கவனிக்கவேண்டும் என்று அகுஸ்தினாரே கற்பித்துள்ளார். புனித தோமா அக்குவினாரும் அன்பிற்கு ஓர் ஒழுங்கு உண்டென்று காட்டினார். எனவே மாஸ்கோ சிறுமிக்கு நாம் அப்பம் கொடுக்கவில்லை என்பது நம்மேல் பாவமாகாது.

எனினும் இரண்டு கடன்கள் மீதமுள்ளன. ஒன்று, உண்மைக்குரிய கடன். யாருடைய முகம், எங்கே, எப்போது எடுத்தது என்று அறியாமல் துயரக் காட்சி ஒன்றைப் பிறருக்கு அனுப்பிவைப்பது, திமிசோராவின் கல்லறையை மறுபடி தோண்டுவதாகும். பழைய படத்தைப் புதிய கலவரத்திற்கு ஒட்டி அனுப்பும் வழக்கம் நம் பங்கு மக்களின் கைப்பேசிகளிலும் உண்டு. பொய்ச்சான்று சொல்லாதிருக்கும் கட்டளைக்கு இதுவும் உட்பட்டதே.

மற்றொன்று, நிற்பதற்குரிய கடன். சமாரியர் முதலில் செய்தது எண்ணெய் வார்த்ததன்று, நின்றது. அவரும் பயணத்தில் இருந்தவரே. எச்சப்படங்களை ஆக்குவோரிடமிருந்து நாம் கற்கவேண்டியதும் இதுவே எனத் தோன்றுகின்றது. உலகம் மூன்று விநாடியில் தாண்டிச் சென்ற முகத்திடம் அவர்கள் திரும்பி வருகின்றனர், நிற்கின்றனர். அவர்கள் கலை அத்தோடு முடிகின்றது. கிறிஸ்தவனின் கடமை அங்கேதான் தொடங்குகின்றது.

1971இல் திருச்சபை வெளியிட்ட 'ஒன்றிப்பும் முன்னேற்றமும்' என்னும் ஏடு, உறவுப் பரிமாற்றம் என்பது அதன் ஆழத்தில் அன்பினால் தன்னையே தருவது என்று கற்பிக்கின்றது. மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் தமது 2014ஆம் ஆண்டு உலகச் சமூகத் தொடர்பு நாள் செய்தியில் நல்ல சமாரியர் உவமையையே எடுத்துக்கொண்டு, தொடர்பின் ஆற்றலை அயலாராதலோடு இணைத்துக் காட்டினார். தொலைக்காட்சிக்குப் பாதுகாவலியாகத் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ் அசிசியின் புனித கிளாராவை அறிவித்தார். கிறிஸ்து பிறப்பு இரவில் நோயுற்றுப் படுக்கையில் கிடந்த கிளாரா, தொலைவில் கோவிலில் நடந்த வழிபாட்டைத் தம் அறையிலிருந்தே கண்டும் கேட்டும் பங்குகொண்டார் என்பது மரபு. அவர் அங்கே செல்ல விழைந்தார், இயலவில்லை, ஆகவே காட்சி அவருக்கு அருளப்பட்டது. நாமோ அங்கே செல்ல விழையாமலே காட்சியை மட்டும் கேட்கின்றோம்.

ஏட்டில் எழுதாத பெயர்

இவற்றையெல்லாம் பிறருக்குப் போதிக்கும் தகுதி நமக்கு உண்டோ என்னும் கேள்வியோடு ஒன்றைச் சொல்லியாகவேண்டும். மேற்சொன்ன தொடரை இணையத்தின் வழியே பார்த்துக்கொண்டிருந்த ஒரு மாலையில், வயது முதிர்ந்த அம்மையார் ஒருவர் பங்கு இல்லத்திற்கு வந்தார். இறந்த தம் மகனுக்காகத் திருப்பலிக் கருத்து எழுதவேண்டும் என்றார். ஏட்டை எடுத்தோம், மகனின் பெயரை எழுதினோம், காணிக்கையைக் குறித்தோம், நாளைச் சொன்னோம். அவர் இன்னும் ஏதோ சொல்ல விரும்பியவர்போல் வாசலில் சற்று நின்றார். "சரிங்க அம்மா" என்று சொல்லி நாம் திரைக்குத் திரும்பினோம்.

குறித்த நாள் காலையில் பீடத்தில் நின்று அம்மகனின் பெயரை வாசித்தபோது, அவர் தாயின் முகத்தை நினைவுக்குக் கொண்டுவர முயன்றோம். வரவில்லை. கார்களுக்கு இடையே ஓடிய அந்தச் சிறுமியின் முகம் மட்டும் தெளிவாக வந்து நின்றது. எங்கோ, என்றோ வாழ்ந்த குழந்தைக்காக நெகிழ்ந்த நெஞ்சம், மூன்று முழத் தொலைவில் நின்றவரைக் காணவில்லை. உவமையில் விலகிச் சென்ற முதல் மனிதர் ஒரு குரு என்பதை அன்று புதிதாய் வாசித்தாற்போல் உணர்ந்தோம். ஏட்டைத் திரும்பிப் பார்த்தோம். மகனின் பெயர் இருந்தது; தொகை இருந்தது; தாயின் பெயரை நாம் கேட்கவே இல்லை.

இப்போது மாலையில் செய்தி பார்ப்பதை நாம் நிறுத்திவிடவில்லை. ஆனால் ஒரு முகம் நெஞ்சைத் தொட்டவுடன் அன்றைக்கு அதோடு அணைத்துவிடுகின்றோம். அடுத்த காட்சி வந்து அதை அழித்துவிடலாகாது என்பதற்காக, அம்முகத்திற்குரியவருக்காகச் செபிக்கின்றோம். பிறகு, இன்று நம் வாசலுக்கு வந்தவர் யார் என்று எண்ணிப் பார்க்கின்றோம். சிறிய முயற்சிதான், பலநாள் தவறியும் விடுகின்றோம்.

அந்த அம்மையார் மறுமாதமும் வந்தார். உட்காரச் சொன்னோம். முதலில் அவர் பெயரைக் கேட்டோம். பிறகு மகனைப் பற்றிக் கேட்டோம். வெகுநேரம் பேசினார்.